அதிபர் எழுதிய பெறுமதி

நேசமலர் ரீச்சர் தன் வாழ்நாளில் சொன்ன பொய்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். அவற்றிலும் பாதி வலயக் கல்வி அலுவலகத்துக்கு எழுதியவை. அவற்றைப் பொய்யென்று எந்தப் பள்ளிக்கூட அதிபரும் எடுத்துக்கொள்வதில்லை. ஆனால் ஜொனதனுக்குச் சொன்ன பொய் வேறு ரகம். வாய் புளித்ததோ மாங்காய் புளித்ததோ என்று யோசிக்க முன்னமே அது வெளியே விழுந்துவிட்டது.

ஜொனதன் லண்டனில் இருக்கிறவன். பழைய மாணவர் சங்கத்துக்கு அங்கே அவன்தான் எல்லாம். நேசமலர் அதிபராக இருக்கிற பள்ளிக்கூடம் புத்தூரில், பெரிய வீதியிலிருந்து உள்ளே போகும் ஒழுங்கையில் இருக்கிறது. ஒரு காலத்தில் மிஷன் நடத்தி, பிறகு அரசாங்கம் எடுத்த சின்னப் பள்ளிக்கூடம். பன்னிரண்டு வருடத்துக்கு முன்னர், தகப்பன் நினைவாக ஜொனதன் அங்கே இரண்டு ஊஞ்சல், ஒரு சறுக்குமரம், ஏறி விளையாட ஒரு கம்பிக்கூடு எல்லாம் செய்வித்துக் கொடுத்தான். கொன்ராக்ட்காரன் என்ன பெயின்ற் அடித்தானோ, ஐந்தாம் வருடமே எல்லாம் துருவேறிக் கறள் பிடித்துவிட்டது. போன மாரிக்கு முதலாம் வகுப்புப் பிள்ளையொன்றின் காலைச் சறுக்குமரம் கிழித்தது. பிள்ளைக்குக் கறள் வெட்டுக்குப் போடும் ஏற்பு ஊசி போட்டார்கள். தாய்க்காரி பள்ளிக்கூட வாசலில் நின்று கிழித்த கிழிக்கு ஊசியும் இல்லை, மருந்தும் இல்லை.

அரசாங்கப் பள்ளிக்கூடத்தில் உடைந்த கதிரைக் காலைக்கூட அதிபர் தன் எண்ணத்துக்கு எறிய முடியாது. கழிக்கிற பொருள் என்று பட்டியல் எழுதவேண்டும். வலயத்திலிருந்து குழு வரவேண்டும், பார்க்கவேண்டும், கையெழுத்து வைக்கவேண்டும். இரண்டு வருடமாவது போகும். அதற்குள் இன்னும் எத்தனை கால் கிழியுமோ என்று நேசமலர் சுதாகரனைக் கூப்பிட்டார்.

சுதாகரன் வெல்டிங் வேலை செய்கிறவன். மகள் நிவேதனா அங்கேதான் ஐந்தாம் வகுப்புப் படிக்கிறாள். உடைந்த வாங்கு மேசையெல்லாம் அவன்தான் வந்து ஒட்டிக்கொடுப்பான், ஒரு சதம் வாங்கமாட்டான்.

“தம்பி, சனிக்கிழமை வந்து உந்த இரும்பு எல்லாத்தையும் கழட்டிக்கொண்டு போ. பிள்ளையளின்ரை காலை வெட்டுது. கடதாசி வேலையை நான் பாக்கிறன்.”

“நான் என்ன தரவேணும் ரீச்சர்?”

“ஒண்டும் வேண்டாம். நீ இவ்வளவு நாளும் செய்து தந்ததுக்கு நான் என்ன தந்தனான்?”

அவன் லான்மாஸ்ரர் உழவு மெசினைப் பிடித்து வந்து ஏற்றிக்கொண்டு போனான். நேசமலர் கடதாசி வேலையைப் பார்க்கவில்லை. நாளைக்கு, நாளைக்கு என்று நாலு மாதம் போயிற்று. அந்த நாலாம் மாதத்தில்தான் ஜொனதன் போன் எடுத்தான். அடுத்த மாதம் குடும்பத்தோடு வருகிறானாம். அப்பாவின் ஊஞ்சலில் தன் பிள்ளைகளை ஏற்றிப் படம் எடுக்க வேண்டுமாம்.

“அதை என்ன சொல்லுறது மகன்… களவு போயிட்டுது.”

நேசமலருக்கு அப்போது வேறு ஒன்றும் வாயில் வரவில்லை. ‘உன்ரை அப்பாவின்ரை ஞாபகத்தைப் பழைய இரும்பெண்டு தூக்கிக் குடுத்திட்டன்’ என்று எந்த வாயால் சொல்லுவது? பென்சனுக்கு இன்னும் ஆறு மாதம். முப்பத்திரண்டு வருடம் ‘நேசமலர் ரீச்சரா, அவ தங்கமெல்லோ’ என்று கேட்டுப் பழகிய காது. அது அந்த ஒரு நிமிடத்தில் வேறொன்றைக் கேட்க ஆயத்தமாக இல்லை.

ஜொனதன் அன்றைக்கே அதைச் சங்கத்துக் குழுவில் போட்டான். கனடாவும் அவுஸ்திரேலியாவும் கொதித்தன. மறுநாள் வலயத்திலிருந்து போன் வந்தது. “பொலிசிலை முறைப்பாடு போட்டு, பிரதியை இஞ்சை அனுப்புங்கோ அதிபர்.” யாரென்று தெரியாத கள்ளன் மேல் போடும் முறைப்பாடு யாரைக் கடிக்கும் என்று தன்னைத் தேற்றிக்கொண்டு நேசமலர் போனார். பொலிஸ் சார்ஜன் பெறுமதி எவ்வளவு என்று கேட்டார். பத்தாயிரமும் பெறாது என்பதுதான் உண்மை. ஆனால் ஜொனதன் பழைய பில்லை அனுப்பி, பவுண்ஸை இன்றைய விலைக்கு மாற்றி, நாலு இலட்சத்து எண்பதாயிரம் என்று தானே எழுதிவிட்டிருந்தான். முறைப்பாட்டின் பிரதி அவனுக்கும் போகும். நேசமலர் பள்ளிக்கூடத்துக் கடிதத் தலைப்பில் அதே தொகையை எழுதி, முத்திரை குத்தி, கீழே தன் அழகான கையெழுத்தையும் வைத்தார்.

பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது. மற்ற நாளில் சைக்கிள் களவுக்கே எழும்பாத பொலிஸ், வெளிநாட்டிலிருந்து நாலு பேர் போன் எடுத்ததும் மூன்றே நாளில் ஆளைப் பிடித்தது. பிடிக்கக் கஷ்டமும் இருக்கவில்லை. சுதாகரன் அந்தக் கம்பிகளில் கேற் செய்து, நீலப் பெயின்ற் அடித்துத் தன் வீட்டு வாசலில் பூட்டியிருந்தான். களவெடுத்தவன் அதைக் கொண்டுபோய் ஊர் பார்க்க வாசலிலா பூட்டுவான்? அந்தக் கேள்வி ஒருத்தருக்கும் வரவில்லை. ‘எடுத்தனியோ?’ என்று கேட்டார்கள். ‘ஓம், எடுத்தனான்’ என்றான். அதற்கு மேல் வாய் திறக்கவில்லை.

வழக்கின் முதல் தவணைக்கு நேசமலர் நீதிமன்றத்துக்குப் போனார். போகாமல் விட்டால் சந்தேகப்படுவார்கள் என்ற பயம். மடியில் கனமிருந்தால் வழியில் பயந்தானே. நீதவான் ஒரு பெண். வயதுக்கு நேசமலரின் மகளாக இருக்கலாம். சுதாகரனுக்காகச் சட்டத்தரணி அருந்ததி எழும்பிப் பிணை கேட்டார். முதல் குற்றம், நிரந்தர முகவரி, படிக்கிற பிள்ளை என்று வரிசையாகச் சொன்னார்.

நீதவான் கோப்பைப் புரட்டிவிட்டு நிமிர்ந்தார்.

“சாதாரண களவென்றால் இப்பவே பிணை தந்திருப்பேன். இது பொதுச் சொத்துச் சட்டத்தின் கீழ் வந்திருக்கிறது. பெறுமதி சட்டம் சொல்கிற எல்லைக்கு மேலே என்று உதவி பொலிஸ் அத்தியட்சகர் சான்றிதழ் தந்திருக்கிறார். அந்தச் சான்றிதழ் இருக்கும்வரை சந்தேகநபரைச் சிறைக்கு அனுப்பி விளக்கமறியலில் வைக்கச் சொல்கிறது சட்டம். விசேட காரணம் ஏதாவது இருந்தால் மட்டும் நான் பிணையைப் பற்றி யோசிக்கலாம். வீட்டுக் கஷ்டம் விசேட காரணம் ஆகாது.”

“அந்தச் சட்டத்திலை சொல்லுற எல்லை இந்தக் காலத்திலை ஒரு பழைய மோட்டார் சைக்கிள் விலையும் இல்லை, அம்மா,” என்றார் அருந்ததி.

“தெரியும். ஆனால் எல்லையை மாற்றுகிற அதிகாரம் எனக்கில்லை. பெறுமதி சரியா பிழையா, களவு நடந்ததா இல்லையா என்றெல்லாம் இன்றைக்கு ஆராயவும் எனக்கு முடியாது. அது வழக்கு விளக்கத்துக்கு வரும்போது பார்க்கிறது.” நீதவான் கோப்பை இன்னொருமுறை புரட்டினார். “சான்றிதழ் எதை வைத்து எழுதப்பட்டது?”

“அதிபரின்ரை கடிதத்தை வைச்சு, அம்மா,” என்றார் சார்ஜன்.

“அதிபர் வந்திருக்கிறாரா?”

நேசமலர் எழும்பினார்.

“இந்தப் பெறுமதி சரிதானா, அதிபர்?”

நீதவான் ஒரு கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நிற்கிறார் என்பது நேசமலருக்கு அந்த இடத்திலேயே விளங்கியது. அதிகாரமில்லாத மனுசி தன்னால் முடிந்த ஒன்றைச் செய்கிறாள். ‘பழைய இரும்பு அம்மா, நான்தான் குடுத்தனான்’ என்று சொன்னால் போதும். பின் வாங்கில் வலயத்து எழுதுவினைஞர் இருந்தார். உள்ளூர்ப் பத்திரிகைக்காரனும் இருந்தான். கூண்டுக்குள் நின்ற சுதாகரன் நிலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“ஓம் அம்மா. சரி.”

பதினாலு நாள் விளக்கமறியல். சுதாகரனைக் கொண்டுபோகும்போது அவன் நேசமலர் பக்கம் திரும்பித் தலையை மெல்லத் தாழ்த்தினான். பள்ளிக்கூடத்து வாசலில் கண்டால் எப்படித் தாழ்த்துவானோ அப்படியே. நேசமலர் வெளியே வந்து வேப்பமரத்தடியில் வாந்தியெடுத்தார். வெயிலாக்கும் என்று யாரோ சோடா வாங்கிக் கொடுத்தார்கள். வெட்கம் கெட்டுப்போய் அதையும் குடித்தார்.

அடுத்த ஞாயிறு மிஷன் கோவில் ஆராதனையில் எல்லோரும் சேர்ந்து பாவ அறிக்கை சொன்னார்கள். நேசமலரும் சொன்னார். நூறு பேரோடு சேர்ந்து சொல்லும்போது எந்தப் பாவமும் லேசாய்த்தான் இருக்கிறது.

நிவேதனா பள்ளிக்கூடத்துக்கு வருவதை நிறுத்தினாள். ‘கள்ளன்ரை பெட்டை’ என்று வகுப்பில் சொன்னார்களாம். வகுப்பாசிரியை வந்து அதைச் சொன்னபோது, அந்தப் பிள்ளைகளைக் கூப்பிட்டு ஏசக்கூட நேசமலருக்கு நா எழவில்லை. ஏசுவதென்றால் யாரை ஏசுவது?

பத்தாம் நாள் பின்னேரம் சுதாகரனின் மனைவி கஜந்தினி நேசமலர் வீட்டுக்கு வந்தாள். இருக்கச் சொன்னதற்கு இருக்கவில்லை. வாசற்படியிலேயே நின்றாள்.

“ரீச்சர், அவர் நல்ல மனுசன் எண்டு ஒரு கடிதம் தருவியளோ? சட்டத்தரணி அம்மாவிட்டைக் குடுக்க.”

நேசமலருக்கு நெஞ்சில் இருந்த கல்லில் ஒரு துண்டு கழன்றதுபோல இருந்தது. இது தன்னால் முடிந்த காரியம். உள்ளே போய் மேசையில் இருந்து ஒரு பக்கம் முழுக்க எழுதினார். ஏழு வருடமாகத் தெரியும், நேர்மையானவர், பாடசாலைக்குக் கைம்மாறு கருதாது உழைத்தவர் என்று நல்ல தமிழில் எழுதினார். எழுதும்போது கண்ணும் கலங்கியது. முத்திரை குத்தி, உறையில் போட்டுக் கொண்டுவந்து கொடுத்தார்.

கஜந்தினி அந்த இடத்திலேயே பிரித்து, ஒரு வரி விடாமல் வாசித்தாள். பிறகு மடித்து வாசற்படியில் வைத்தாள்.

“அண்டைக்கு நீங்கள் அவரை இரும்பு கழட்டச் சொல்லேக்கை நானும் பள்ளிக்கூடக் கேற்றடியிலை நிண்டனான் ரீச்சர். பிள்ளையை ஏத்த வந்தனான்.”

நேசமலர் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டார்.

“பொலிசிலை சொல்லுவம் எண்டு எத்தினை தரம் கேட்டன். ‘ரீச்சர் வாயாலை வராததை நாங்கள் சொல்லப்படாது. அவவுக்குப் பென்சன் இல்லாமல் போயிடும். நான் கொஞ்ச நாள் இருந்திட்டு வாறன்’ எண்டிட்டார். என்ரை தலையிலை கைவைச்சுச் சத்தியம் வாங்கிப்போட்டார்.” அவளுக்குக் குரல் உயரவே இல்லை. “நான் கடிதத்துக்கு வரேல்லை. கடிதம் கேட்டாலாவது நீங்களாச் சொல்லுவியள் எண்டு நினைச்சு வந்தனான். நீங்கள் உள்ளை போய் எழுதிக்கொண்டெல்லோ வந்து நிக்கிறியள்.”

அவள் போய்விட்டாள். அவள் ஏசியிருந்தால் தாங்கியிருக்கலாம். இரண்டு அடி போட்டிருந்தாலும் தாங்கியிருக்கலாம். நேசமலர் படியிலேயே இருந்தார். தன்னைப் பற்றி முதல் தடவையாக, ‘சீ’ என்று வாய்விட்டுச் சொன்னார்.

இரண்டாவது தவணைக்கு அவர் யாரும் கூப்பிட முன்னமே எழும்பிவிட்டார்.

“அம்மா, நான் ஒண்டு சொல்லவேணும். அந்த இரும்பை இவர் களவெடுக்கேல்லை. நான்தான் கழட்டிக்கொண்டு போகச் சொன்னனான். பெறுமதியும் பொய். பத்தாயிரமும் பெறாது.”

நீதவான் பேனையை வைத்துவிட்டு அவரைப் பார்த்தார். “அதிபர், நீங்கள் சொல்கிறது உங்களுக்கே எதிராகத் திரும்பக்கூடும். முதலில் ஒரு சட்டத்தரணியோடு கதைத்துவிட்டுச் சொல்வது நல்லது.”

“கதைக்க ஒண்டும் இல்லை அம்மா. இதுதான் உண்மை.”

அருந்ததி பாய்ந்து எழும்பினார். இதைவிட என்ன விசேட காரணம் வேண்டும் என்று கேட்டார். நீதவான் எழுதத் தொடங்கினார். நேசமலருக்கு இரண்டு கிழமைக்குப் பிறகு மூச்சு ஒழுங்காக வந்தது.

“இல்லை அம்மா!”

கூண்டுக்குள்ளிருந்து வந்த சத்தம் சுதாகரனுடையது.

“ரீச்சர் எனக்காண்டிப் பொய் சொல்லுறா. அவ ஒண்டும் சொல்லேல்லை. நான்தான் கேளாமல் எடுத்தனான். அவவை ஒண்டும் செய்துபோடாதேங்கோ.”

“வாயை மூடு தம்பி!” என்று அருந்ததி அடித்தொண்டையால் சொன்னார். ஆனால் சொன்னது சொன்னதுதான். நீதிமன்ற எழுதுவினைஞர் அதை எழுதியும் விட்டார்.

நீதவான் கண்ணாடியைக் கழற்றி, இரண்டு விரலால் கண்ணை அழுத்தினார். “அதிபர் சொன்னதை மட்டும் வைத்து இன்றைக்குப் பிணை எழுத நினைத்தேன். சந்தேகநபரே இல்லையென்கிறபோது எதை விசேட காரணம் என்று எழுதுவது? யார் சொல்வது உண்மையென்று நிறுத்துப் பார்க்கிற இடம் இதுவல்ல. விளக்கம் இன்னும் தொடங்கவில்லை. சான்றிதழும் அப்படியே நிற்கிறது. அதைக் கிழிக்க எனக்கு அதிகாரமில்லை. தந்தவர்தான் திருப்பி எடுக்கவேண்டும்.” அதிபரிடம் மேலதிக வாக்குமூலம் பதிந்து மேலிடத்துக்கு அறிக்கை அனுப்பும்படி பொலிசுக்குக் கட்டளையிட்டார். அதுவரை, இன்னும் பதினாலு நாள்.

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி இடம் கொடுக்கமாட்டான் என்பார்கள். இங்கே வரம் வேண்டியவனே கையைத் தட்டிவிட்டான். மறியல் பஸ்ஸில் ஏறும்போது அவன் முகத்தில் ஒரு நிம்மதி இருந்தது. ரீச்சரைக் காப்பாற்றிவிட்ட நிம்மதி. நேசமலர் அதைப் பார்த்தார். இப்படி ஒருத்தனின் மதிப்பைத்தான் இவ்வளவு நாளும் சும்மா வாங்கிச் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம் என்று நினைக்க அவருக்கு உடம்பெல்லாம் கூசியது.

பொலிஸ் நிலையத்தில் சார்ஜன் கதிரை துடைத்து இருக்கச் சொன்னார். பிளேன்ரீ வந்தது.

“ரீச்சர், நான் ஒண்டு கேக்கட்டே? அவன்ரை பெண்சாதி பிள்ளையைப் பாத்துப் பாவப்பட்டுத்தானே இப்பிடிச் சொல்லுறியள்? நான் வேணுமெண்டால் ‘இரக்கத்தின் காரணமாக’ எண்டு போடுறன். உங்களுக்கும் வில்லங்கம் இல்லை.”

“போடாதேங்கோ. நான் சொன்னது பொய் முறைப்பாடு. அப்பிடியே எழுதுங்கோ.”

“அப்ப காரணம்? என்னத்துக்குப் பொய் சொன்னனீங்கள்? காரணம் இல்லாமல் அனுப்பினால் அத்தியட்சகர் ஐயா என்னைப் பேசுவார்.”

நேசமலர் யோசித்தார். வலயத்துக் கடதாசி வேலை, ஜொனதன், பென்சன் என்று சொல்ல நிறைய இருந்தது. எல்லாம் நடந்ததுதான். ஆனால் எதுவும் காரணமில்லை.

“வெட்கம்,” என்றார்.

“அதை எப்பிடி ரீச்சர் வாக்குமூலத்திலை எழுதுறது?”

“நான் சொல்லுறன், எழுதுங்கோ. லண்டனிலை இருக்கிற ஒரு பிள்ளை என்னைக் குறைவா நினைச்சிடுமெண்ட வெட்கத்திலை, இஞ்சை என்னை மதிச்ச ஒரு மனுசனை மறியலுக்கு அனுப்பினனான்.”

சார்ஜன் எழுதினார். திருப்பி வாசித்தும் காட்டினார். அவர் வாசிக்கும்போது அது இன்னும் கேவலமாக இருந்தது. நேசமலர் கையெழுத்து வைத்தார்.

வெளியே கஜந்தினி நின்றாள். கையில் மறியலுக்குக் கொண்டுபோய்க் கொடுக்கமுடியாமல் திரும்பிவந்த சாப்பாட்டுப் பை.

“விடுவினமோ ரீச்சர்?”

“அறிக்கை மேலை போகவேணுமாம் பிள்ளை. அடுத்த தவணைக்குத்தான். நீயும் உள்ளை போய், அண்டைக்குக் கேற்றடியிலை கேட்டதைச் சொல்லு. சத்தியம் வாங்கினவர் வந்து கோவிச்சால் நான் மறுமொழி சொல்லுறன்.”

கஜந்தினி அவரை ஒரு கணம் பார்த்துவிட்டு உள்ளே போனாள். அரை மணித்தியாலத்தில் வந்தாள். இரண்டு பேரும் வீதிக்கு நடந்தார்கள். பருத்தித்துறை வீதியில் வந்த பஸ் நிறைய ஆட்கள். ஏறியதும் முன் சீற்றில் இருந்த ஒரு மனுசி பதறிக்கொண்டு எழும்பினாள். நேசமலரின் பள்ளிக்கூடத்தில் பிள்ளையைப் படிக்கவிட்ட தாய்.

“இருங்கோ ரீச்சர், இருங்கோ.”

“நான் நிக்கிறன். இவவை இருக்க விடும் பிள்ளை. காலமை தொடக்கம் நிக்கிறா.”

அந்த மனுசி கஜந்தினியைப் பார்த்தாள். யாரென்று தெரிந்தது. தானே திரும்ப இருந்துகொண்டு, யன்னல் பக்கம் முகத்தைத் திருப்பினாள்.

நேசமலருக்கு நீதிமன்றத்தில் சொல்வதைவிட இங்கே சொல்வது கஷ்டமாக இருந்தது. ஆனாலும் வகுப்பில் பின் வாங்குவரைக்கும் கேட்கிற அந்தக் குரலை எடுத்தார்.

“எல்லாரும் கேளுங்கோ. இவவின்ரை மனுசன் கள்ளன் இல்லை. நான்தான் பொய் சொல்லி அவரை மறியலிலை போட்டனான்.”

கொண்டக்ரர் மிச்சக்காசை எண்ணுவதை நிறுத்தினான். பின்னால் யாரோ ஒரு பெண் பக்கத்தில் இருந்தவளுக்கு மெதுவாகச் சொன்னது தெளிவாகக் கேட்டது.

“பாவம் ரீச்சர். எவ்வளவு பெரிய மனசு பார்.”

கஜந்தினி சாப்பாட்டுப் பையை மற்றக் கைக்கு மாற்றி, மேல் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். நேசமலரும் அதே கம்பியைப் பிடித்தார். புத்தூர் வரும்வரை அவர் தலை நிமிரவில்லை.